மௌனத் திரையில் ஒரு நாவலர்: லாயிட் ஜார்ஜும் தொடக்ககாலச் செய்திப்படங்களும்

திறவுச்சொற்கள்: லாயிட் ஜார்ஜ், செய்திப்படம், முதல் உலகப்போர், மௌனப்படம், அரசியல் பரப்புரை

முன்னுரை

1916 டிசம்பர் 7 முதல் 1922 அக்டோபர் வரை பிரித்தானியாவின் தலைமை அமைச்சராக விளங்கிய டேவிட் லாயிட் ஜார்ஜ், தம் காலத்து மேடைப் பேச்சாளருள் முதல் வரிசையில் வைத்து எண்ணப்பட்டவர். அவர்தம் அரசியல் வாழ்வு நாவினால் ஈட்டியது. ஆயின், அவர் அதிகாரத்தின் உச்சியில் இருந்த ஆண்டுகளில் பொதுமக்கள் பெருந்திரளாக அவரைக் கண்டது திரையரங்குகளிலேயாகும். அத்திரையோ பேசாத் திரை. குரலைக் கருவியாகக் கொண்ட தலைவர் ஒருவர், குரலையே நீக்கிவிடும் ஊடகத்தில் எவ்வாறு காட்சிப்படுத்தப்பட்டார் என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

செம்மாரின் வளர்ப்பு மகன்

லாயிட் ஜார்ஜ் 1863 ஜனவரி 17 அன்று மான்செஸ்டரில் பிறந்தார். ஆசிரியராக இருந்த தந்தை அடுத்த ஆண்டே இறந்தார். வேல்ஸ் நாட்டு லானிஸ்டம்டுவி சிற்றூரில் செருப்புத் தைக்கும் தொழில் செய்தவரும் சமயப் போதகருமான தாய்மாமன் ரிச்சர்ட் லாயிட் அவரை வளர்த்தார். ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒரே பிரித்தானியத் தலைமை அமைச்சர் இவரே. வேல்சு மொழியே இவர்தம் தாய்மொழி. வழக்குரைஞராகத் தொழில் தொடங்கி, 1890 இடைத்தேர்தலில் 18 வாக்கு வேறுபாட்டில் நாடாளுமன்றம் புகுந்தார். போயர் போரை எதிர்த்தமையால், 1901 டிசம்பரில் பர்மிங்காம் நகர மன்றத்தைச் சூழ்ந்த கூட்டத்திடமிருந்து காவலர் உடையணிந்து தப்ப நேர்ந்தது. அதே மனிதரே பதினைந்து ஆண்டுகளுக்குப்பின் ஒரு பெரும்போரை நடத்தினார் என்பது அவர் வாழ்வின் முரண். 1908-இல் நிதியமைச்சர், 1915-இல் போர்த்தளவாட அமைச்சர், 1916-இல் போர் அமைச்சர் என்பன இடைப்பட்ட படிகள்.

செய்திப்படத்தின் இயல்பும் வரம்பும்

பிரித்தானியாவில் பாதே நிறுவனத்தின் செய்திப்படம் 1910-இல் தொடங்கியது. கோமான் நிறுவனமும், 1911-இல் டாப்பிக்கல் பட்ஜெட்டும் தொடர்ந்தன. வாரம் இருமுறை வெளிவந்த ஒவ்வொரு சுருளும் சில நிமிடங்களே ஓடும். கப்பல் வெள்ளோட்டம், குதிரைப் பந்தயம், அரச ஊர்வலம், அமைச்சர் வருகை ஆகியன தனித்தனித் துணுக்குகளாக அடுக்கப்பட்டு, ஒவ்வொன்றின் முன்னும் ஓர் எழுத்துத் தலைப்பு காட்டப்படும். கையால் சுழற்றப்பட்ட படக்கருவி முக்காலியின் மேல் நிற்க வேண்டும்; பகல் வெளிச்சமும் வேண்டும். ஆகவே அரசியல் நிகழ்ந்த இடங்களாகிய அமைச்சரவை அறை, நாடாளுமன்றம், உள்ளரங்குக் கூட்டம் ஆகியவற்றுள் அதனால் பெரும்பாலும் நுழைய இயலவில்லை. அது கண்டவையெல்லாம் வாயிற்படி, தொடர்வண்டி நிலையம், திறந்தவெளி மேடை ஆகியவையே.

இவ்வரம்பின் விளைவை இந்திய வாசகர் நன்கறிந்த ஒரு சான்றால் உணரலாம். இந்திய ஆட்சிப்பணியை 'எஃகுச் சட்டகம்' என்று லாயிட் ஜார்ஜ் வருணித்தது 1922 ஆகஸ்டில், பொதுமக்கள் அவையில். அத்தொடர் இன்றளவும் வழங்குகிறது; அதைச் சொல்லியபோது அவர் நின்ற நிலைக்கோ கையசைவுக்கோ காட்சிப் பதிவு இல்லை. அவ்வவைக்குள் தொலைக்காட்சிக் கருவிகள் புகுந்தது 1989-இல்தான்.

ஆகவே படக்கருவிக்குக் கிடைத்தது தலைவரின் புறத்தோற்றமே. நரைத்து நீண்ட தலைமுடி, மீசை, கைத்தடி, உயர்த்திப் பிடித்த தொப்பி, உடன்வரும் மகள் மேகன் எனச் சில அடையாளங்கள் மீண்டும் மீண்டும் பதிவாயின. 1911 ஜூலை 13 அன்று கார்னார்வன் கோட்டையில் வேல்ஸ் இளவரசர் பட்டமேற்ற விழா இதற்கொரு முன்மாதிரி. அக்கோட்டையின் காவல் தலைவர் என்ற சிறப்புப் பதவி லாயிட் ஜார்ஜுடையது. இளவரசருக்குச் சில வேல்சு மொழித் தொடர்களைக் கற்பித்தவரும் அவரே. செய்திப்படக்காரர் திரண்ட அவ்விழாவில் ஊர்வலமும் கொடிகளும் திரைக்கு வந்தன. அவர் கற்பித்த சொற்கள் வரவில்லை. மறுபுறம், 1909 வரவுசெலவுத் திட்டத்தை விளக்கும் அவர் குரல் இசைத்தட்டில் உள்ளது. அதில் உருவம் இல்லை.

போரும் அரசுடைமையும்

1916 ஆகஸ்டில் 'சோம் சமர்' என்னும் ஆவணப்படம் வெளியானபோது, போர் அமைச்சராக இருந்த லாயிட் ஜார்ஜின் செய்தி தொடக்கக் காட்சியில் வாசிக்கப்பட்டது. மௌனப்படம் ஒன்றுக்கு அமைச்சர் தம் சொற்களை அனுப்ப வேண்டியிருந்தமை கருதத்தக்கது. அதைவிட முக்கியமான மாற்றம் 1917-இல் நிகழ்ந்தது. போர் அலுவலகத்தின் திரைப்படக் குழு டாப்பிக்கல் பட்ஜெட்டைத் தன் கட்டுப்பாட்டில் கொணர்ந்தது. அக்குழுவுக்குத் தலைமை தாங்கிய செய்தித்தாள் உரிமையாளர் பீவர்புரூக் 1918 பிப்ரவரியில் தகவல் துறை அமைச்சரானார். அதாவது, தலைமை அமைச்சரைக் காட்டிய செய்திப்படங்களுள் ஒன்றை அவர்தம் அரசே நடத்தியது. தளபதி ஹெய்குடன் அவருக்கிருந்த கடும் பிணக்கு இப்படங்களில் தலைகாட்டாததில் வியப்பில்லை. கைகுலுக்கலைப் படமெடுக்கலாம், பிணக்கை எடுத்தல் அரிது, எடுத்தாலும் வெளியிட எவரும் இல்லை. இச்சுருள்களை வரலாற்றுச் சான்றாகக் கொள்வோர், யார் எடுத்தார் என்பதோடு யார் பணம் தந்தார் என்பதையும் கேட்டாக வேண்டும். 1919-இல் பாரிசு அமைதி மாநாட்டில் வில்சன், கிளமென்சோ, ஆர்லாண்டோ ஆகியோருடன் அவர் தோன்றும் காட்சிகளுக்கும் இக்கேள்வி பொருந்தும்.

மறைந்த வாழ்க்கைப்படம்

இவ்விடத்தில் நடிகரைக் கொண்டு எடுத்த படம் ஒன்றையும் குறிப்பிடல் தகும். 1918-இல் ஐடியல் நிறுவனம், மாரிஸ் எல்வி இயக்கத்தில் லாயிட் ஜார்ஜின் வாழ்க்கையை இரண்டரை மணிநேரப் படமாக்கியது. நார்மன் பேஜ் என்ற நடிகர் தலைவராகத் தோன்றினார். பர்மிங்காம் கலவரம் பெருங்கூட்டத்துடன் மீளக் காட்டப்பட்டது. வெளியாகுமுன் 'ஜான் புல்' இதழ், ரோசன் உடன்பிறப்புகளாகிய தயாரிப்பாளர்களின் பிறப்பையும் பெயர் மாற்றத்தையும் சுட்டித் தாக்கி எழுதியது. அவர்கள் யூதர்கள். 1919 தொடக்கத்தில் 20,000 பவுண்டு ரொக்கமாகத் தரப்பட்டுப் படச்சுருள்கள் எடுத்துச் செல்லப்பட்டன. 1994-இல் லாயிட் ஜார்ஜின் பேரர் இல்லத்தில் அவை கண்டெடுக்கப்பட்டு, 1996 மே மாதம் கார்டிஃப் நகரில் முதன்முறையாகப் பொதுவில் திரையிடப்பட்டன. செய்திப்படங்கள் தந்திராத தொடர்ச்சியான கதையை அப்படம் தந்தது. அதைத் தம் காலத்தவர் எவரும் திரையரங்கில் காணவில்லை.

குரல் வந்த காலம்

பேசும் செய்திப்படம் பிரித்தானியாவில் 1929-இல் வந்தது. 1930-களில் லாயிட் ஜார்ஜின் குரலும் உருவமும் ஒருங்கே பதிவாயின. அப்போது அவரிடம் பதவி இல்லை. 1936 செப்டம்பரில் பெர்ச்டெஸ்காடனில் அவர் ஹிட்லரைச் சந்தித்ததைப் படமெடுத்தவர் செய்திப்பட நிறுவனத்தார் அல்லர். அவருடைய தனிச்செயலர் ஏ. ஜே. சில்வெஸ்டர். அவ்வாண்டு லண்டன் இதழொன்றில் ஹிட்லரைப் புகழ்ந்து லாயிட் ஜார்ஜ் எழுதிய கட்டுரையோடு சேர்த்தே அப்படம் இன்று பார்க்கப்படுகிறது. வில்சனுடனும் கிளமென்சோவுடனும் நடந்தபோது திரையில் கண்ட அதே மலர்ந்த முகம் அதிலும் உள்ளது.