பச்சையாக நிற்க முடியாத செடி

அக்காவின் மகள் தரம் 7இல் படிக்கிறாள். பாடசாலையில் ஓர் அதிசயப் பொருளைக் கற்பனை செய்து கட்டுரை எழுதச் சொல்லியிருந்தார்கள். அவள் ஒரு மாயச்செடியைப் பற்றி எழுதியிருந்தாள். மணலில் நட்டால் அது மணலாகத் தெரியும். வேலியோரம் நட்டால் கிடுகுவேலியாகத் தெரியும். அதற்குப் பின்னால் போய் நிற்பவர்களும் ஒருவர் கண்ணிலும் படமாட்டார்கள்.

அவள் கொப்பியை வாசித்துக் காட்டியபோது அம்மாவும் கேட்டுக்கொண்டிருந்தார். "அந்த நேரம் அப்பிடி ஒண்டு எங்களிட்டை இருந்திருந்தால்..." என்று சொல்லிவிட்டு எழும்பிக் குசினிக்குள் போய்விட்டார். எந்த நேரம் என்று வீட்டில் ஒருவரும் கேட்கவில்லை. பிள்ளை மட்டும் என்னிடம் கேட்டாள்: "மாமா, உண்மையிலை அப்பிடி ஒரு செடி இருக்கோ?"

ஆட்களை மறைக்கும் செடி இல்லை. ஆனால் தன்னைத் தானே மறைத்துக்கொள்ளும் செடிகள் இருக்கின்றன.

கல்லும் கொடியும்

தென்னாபிரிக்காவின் வறண்ட நிலங்களில் லிதொப்ஸ் என்ற செடி வளர்கிறது. தடித்த இரண்டு இலைகள்தான் வெளியே தெரியும். அவை சுற்றியிருக்கும் கூழாங்கற்களின் நிறத்திலும் வடிவிலும் இருக்கும். 1811இல் வில்லியம் பேர்ச்செல் என்ற ஆங்கிலேயப் பயணி, விசித்திரமான கல்லொன்று என்று நினைத்துக் கையில் எடுத்த பிறகுதான் அது செடியென்று கண்டார். தண்ணீர் கிடைக்காத நிலத்தில் நீரைச் சேமித்து வைத்திருக்கும் இலையைத் தின்ன எத்தனையோ விலங்குகள் அலையும். கல்லாகத் தெரிவதே அதற்குக் காவல்.

சிலி நாட்டுக் காடுகளில் பொக்கீலா என்ற கொடி இருக்கிறது. எந்த மரத்தில் படர்கிறதோ அந்த மரத்தின் இலையைப் போலவே அதன் இலையும் மாறும். ஒரே கொடி இரண்டு மூன்று மரங்களில் படர்ந்தால், ஒவ்வொரு மரத்திலும் வேறு வேறு இலை. இதை 2014இல் ஏர்னஸ்ரோ கியனோலி உள்ளிட்ட இரு ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். இலையுள்ள மரத்தில் ஏறிய கொடியைப் பூச்சிகள் குறைவாகவே தின்றிருந்தன. நிலத்தில் தனியே படர்ந்த கொடியின் இலைகள் கூடுதலாகக் கடிபட்டிருந்தன. கொடி இதை எப்படிச் செய்கிறது என்பதில் விஞ்ஞானிகளிடையே இன்னும் விவாதம் நடக்கிறது.

எங்கள் வயலிலும் ஒன்று

வயலில் களை பிடுங்கியவர்களுக்கு நெற்சப்பியைத் தெரியும். கதிர் தள்ளும்வரை அது நெல்லா புல்லா என்று தூரத்தில் நின்று சொல்ல முடியாது. இலையும் தண்டும் சேரும் இடத்தைக் குனிந்து பார்க்க வேண்டும். நெல்லில் அந்த இடத்தில் நாக்குப்போல மெல்லிய சவ்வொன்று இருக்கும். நெற்சப்பியில் அது இருக்காது.

இந்த ஒற்றுமையை உண்டாக்கியவர்கள் விவசாயிகளே. நெல்லிலிருந்து வேறாகத் தெரிந்த புல்லைக் கை பிடுங்கி எறிந்தது. நெல்லைப் போல இருந்தது தப்பி விதை போட்டது. சீனாவின் யாங்சி ஆற்றுப் படுகையில் எடுத்த களைகளின் மரபணுக்களை ஆராய்ந்தவர்கள், நெல்லைப் போன்ற வகை ஏறத்தாழ 1,000 ஆண்டுகளுக்கு முன் பிரிந்து வளர்ந்தது என்று 2019இல் எழுதினார்கள். இப்படிப் பயிரைப்போல மாறும் களைகளை முதலில் விளக்கியவர் ரஷ்ய விஞ்ஞானி நிக்கொலாய் வவிலோவ். பஞ்சத்தை ஒழிக்க உலகமெங்கும் விதை சேகரித்த அவர், 1943இல் சோவியத் சிறையொன்றில் இறந்தார்.

தோண்டும் கைக்குத் தப்பிய நிறம்

எல்லாவற்றிலும் என்னை அதிகம் யோசிக்க வைத்தது இன்னொரு செடி. சீனாவின் ஹெங்டுவான் மலைகளில் உடைகற்கள் நிறைந்த சரிவுகளில் வளரும் பிரிற்றிலேரியா டெலவேயி. அதன் கிழங்கைச் சீன மருத்துவத்தில் 2,000 ஆண்டுகளாகப் பயன்படுத்துகிறார்கள். கிழங்கு மிகச் சிறியது. ஒரு கிலோ சேர 3,500க்கு மேல் தோண்ட வேண்டும். ஒரு செடி பூப்பதற்கே ஐந்து ஆண்டு செல்லும்.

இந்தச் செடி சில இடங்களில் பளிச்சென்ற பச்சை. சில இடங்களில் கல்லைப்போலச் சாம்பல் அல்லது மண்ணிறம். 2020இல் சீன, பிரித்தானிய ஆய்வாளர்கள் காரணத்தை வெளியிட்டார்கள். இதைத் தின்னும் விலங்கு எதையும் அவர்கள் காணவில்லை. அதிகம் தோண்டப்பட்ட இடங்களில்தான் செடி கல்லோடு கல்லாக மாறியிருந்தது. அதன் எதிரி மனிதனின் கண்.

செடி திட்டமிட்டு நிறம் மாறவில்லை. பச்சையாக இருந்தவற்றை எடுத்துப் போய்விட்டார்கள். மங்கலாக இருந்தவை கண்ணில் படாமல் எஞ்சின. எஞ்சியவற்றின் விதையே அடுத்த தலைமுறை.

நாங்கள் மறைந்த இடம்

2009இல் நாங்களும் மறைந்துதான் இருந்தோம். கடற்கரை மணலில் பதுங்குகுழி வெட்டினால் சுவர் நிற்காது. அதனால் சேலைகளைக் கிழித்து மண்மூட்டை தைத்தோம். அம்மாவின் கூறைச்சேலையும் மூட்டையானது. மேலே வண்டு சுற்றிக்கொண்டிருக்க, கீழே சிவப்பும் மஞ்சளும் சரிகையுமாக எங்கள் குழிகள். கல்லின் நிறத்துக்கு மாற எங்களுக்கு நேரம் கிடைக்கவில்லை. மாறியிருந்தாலும் பயனில்லை. மறைப்பு, தேடிப் பார்க்கும் கண்ணிடமிருந்துதான் காப்பாற்றும். விழுகிற செல் ஆளைப் பார்த்து விழுவதில்லை.

பக்கத்துக் குழி எங்களுடையதிலிருந்து பதினைந்து அடிதான். அதே மணல், அதே சேலை மூட்டை. அவர்கள் இல்லை, நாங்கள் இருக்கிறோம். தான் ஏதாவது செய்திருக்கலாம் என்று அம்மா இன்றைக்கும் நினைக்கிறார். தப்பியவர்கள் பலருக்கு இந்த நினைப்பு இருக்கிறது. எஞ்சிய சாம்பல் செடி கெட்டிக்காரச் செடியல்ல, தோண்டப்பட்ட பச்சைச் செடி பிழை செய்த செடியும் அல்ல என்று அன்றிரவு அம்மாவுக்குச் சொன்னேன். அவர் பதில் சொல்லவில்லை. சிறிது நேரம் கழித்து, "அந்தச் செடி பிறகு பச்சையா வராதோ?" என்று கேட்டார்.

கிழங்கு தோண்டுபவர்கள் அதிகம் போகாத சரிவுகளில் அது இன்றும் பச்சையாகத்தான் நிற்கிறது என்று சொன்னேன்.