இருவர் ஆடும் துப்பறியும் ஆட்டம்

'க்ளூடோ' என்னும் துப்பறியும் ஆட்டத்தை நண்பர்கள் பலர் அறிந்திருக்கலாம். இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரைச் சேர்ந்த ஆண்டனி பிராட் உருவாக்கிய இவ்வாட்டம் 1949-இல் விற்பனைக்கு வந்தது. சந்தேகத்துக்குரியோர் 6, ஆயுதங்கள் 6, அறைகள் 9. ஆக 21 சீட்டுகள். வகைக்கு ஒன்றாக மூன்றை உறையில் மறைத்து, எஞ்சிய 18-ஐப் பங்கிடுவர். மறைந்தவற்றைக் கண்டுபிடிப்பவரே வென்றவர். 6 × 6 × 9 = 324 வழிகளுள் ஒன்றே விடை.

எங்கள் வீட்டில் ஆடுவோர் அம்மாவும் நானும் மட்டுமே. இருவர் ஆடினால் சுவை குன்றிவிடும். என்னிடமும் இல்லை, எதிராளியிடமும் இல்லை என்றால் அச்சீட்டு உறையில்தானே இருக்கும்?

ஆகவே ஆளுக்கு 6 சீட்டுகள் எடுத்து, மீதி 6-ஐ நடுவில் கவிழ்த்து வைத்தோம். ஒவ்வொரு முறையும் வகைக்கு ஒன்றாக மூன்று சீட்டுகளைக் கேட்க வேண்டும். எதிராளியிடம் ஒன்றிருந்தால் காட்டுவார். இல்லையேல் கேட்டவர் நடுச்சீட்டு ஒன்றைப் பார்த்துவிட்டுக் கவிழ்க்கலாம். இப்போது 'இல்லை' என்பது பாதி விடையே. உறுதியானதும் உறையைப் பிரிக்கலாம், தவறினால் தோல்வி.

விடியுமுன் ஏலத்தோட்டத்துக்கு ஜீப்பேறும் அம்மாவுக்குக் கொலைக்கதை பிடிக்கவில்லை, எழுத்தும் தெரியாது. எனவே படங்கள் வரைந்தேன். ஏலக்காய் மூட்டையைத் திருடியவர் சிவப்புத் துண்டுக்காரரா, பச்சைத் துண்டுக்காரரா? ஏற்றிச் சென்றது லாரியா, மாட்டு வண்டியா? ஒளித்த இடம் கம்பமா, போடியா, சுருளி அருவியா?

மூன்றாம் ஆட்டத்தில் அம்மா சொன்னார்: "நீ போடிய ஒரு தடவகூடக் கேக்கலையேப்பா. அப்ப அது உங்கிட்டதான இருக்கு?"

இருந்தது. கேட்காத கேள்வியும் ஒரு தடயம் என்பதை நான் எண்ணவேயில்லை. அந்த ஆட்டத்தில் அம்மாவே வென்றார்.

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். முதல் துப்பறிவாளர் நான் அல்லேன்.