நிலத்தின் விலையும் அரசின் கணக்கும்

அரசு ஒருவரின் நிலத்தைப் பொதுப்பயனுக்காக எடுக்கும்போது, விற்க விரும்பாதவரிடம் வாங்குவதால், சந்தை விலை மட்டுமே நியாயமாகிவிடாது என்ற எண்ணம் இந்தியச் சட்டத்தில் மெல்லத்தான் வேரூன்றியது. 1894ஆம் ஆண்டுச் சட்டத்தில், கட்டாயத்துக்கு ஈடாகச் சந்தை மதிப்புக்கு மேல் தரப்படும் 'ஆறுதல் தொகை' 15 விழுக்காடாக இருந்து, 1984இல் 30 ஆக உயர்ந்தது. 2014 ஜனவரி 1 முதல் நடைமுறையிலுள்ள 2013ஆம் ஆண்டுச் சட்டம் அதை 100 விழுக்காடாக்கியது.

பத்திரப்பதிவுக்கான வழிகாட்டி மதிப்பு, முந்தைய மூன்றாண்டுகளில் அக்கம்பக்கத்தில் பதிவான கிரயப் பத்திரங்களில் உயர்ந்த விலையுடைய பாதியின் சராசரி ஆகியவற்றில் எது கூடுதலோ, பொதுவாக அதுவே சந்தை மதிப்பாகும். ஊரகப் பகுதியில் அதனை 1 முதல் 2 வரையிலான காரணியால் பெருக்கி, கிணறு, மரம், கட்டடம் ஆகியவற்றின் மதிப்பைச் சேர்த்து, அக்கூட்டுத்தொகைக்கு இணையான ஆறுதல் தொகையையும் வழங்க வேண்டும். காட்டாக, 20 லட்சம் மதிப்புள்ள நிலத்துக்குக் காரணி 2 எனில் 40 லட்சம். கிணறும் மரங்களும் 5 லட்சம் எனில், ஆறுதல் தொகையுடன் 90 லட்சமாகும்.

ஆயினும் கணக்கின் அடித்தளம் பலவீனமானது. முத்திரைத் தீர்வையைக் குறைக்க உண்மை விலையை மறைத்துப் பதியும் பழக்கம் (அரசும் அறிந்ததே) பரவலாக இருப்பதால், ஒருவர் மிச்சப்படுத்திய தீர்வை, பிற்காலத்தில் அவருடைய பக்கத்து வயல்காரரின் இழப்பீட்டைக் குறைக்கிறது. மாவட்ட ஆட்சியர் நிர்ணயித்த தொகையை ஏற்காதவர், ஆறு வாரங்களுக்குள் எழுத்துமூலம் கோரி, அதனை இதற்கென அமைந்த ஆணையத்தின் தீர்ப்புக்கு அனுப்பச் செய்யலாம்.