எதிர்ப்பொருள்களின் பிணைப்பு முதிர்ச்சி

1. முன்னுரை

உடலினுள் புகும் அயற்பொருளோடு பிணைந்து அதனைச் செயலிழக்கச் செய்யும் புரதம் எதிர்ப்பொருள் ஆகும். முதலில் தோன்றும் எதிர்ப்பொருளைவிடச் சில வாரங்கள் கழித்துத் தோன்றுவது, அதே அயற்பொருளோடு மிக உறுதியாகப் பிணைகிறது. இதுவே பிணைப்பு முதிர்ச்சி எனப்படும். 1964ஆம் ஆண்டில் ஐசன், சிஸ்கிண்ட் ஆகிய இருவரும் முயல்களில் இதனை அளந்து காட்டினர். சிற்றளவு அயற்பொருள் பெற்ற முயல்களிலேயே பிணைப்பு மிகுதியாக வலுப்பெற்றது. இதற்குரிய காரணம் பின்னரே தெளிவாயிற்று.

2. மாற்றம்

பி உயிரணு ஒவ்வொன்றும் ஒரு குறிப்பிட்ட அயற்பொருளை இனங்காணும் எதிர்ப்பொருளையே ஆக்கும். தூண்டப்பெற்ற பி உயிரணுக்கள் நிணநீர் முடிச்சுகளிலும் மண்ணீரலிலும் கூடி, முளைமையம் என்னும் அமைப்பை உருவாக்குகின்றன. இஃது இருட்பகுதி, ஒளிப்பகுதி என இரு கூறுகளை உடையது. இருட்பகுதியில் உயிரணுக்கள் விரைந்து பெருகுகின்றன. அப்போது ஏஐடி என்னும் நொதி, எதிர்ப்பொருளுக்குரிய மரபணுவில் உள்ள சைட்டோசினை யுராசிலாக மாற்றுகிறது. இதனால் அம்மரபணுவில் திடீர்மாற்றங்கள் நிகழும் வீதம், இயல்பான வீதத்தைப்போல் ஏறத்தாழ 10 இலட்சம் மடங்காக உயர்கிறது. 1999இல் கியோட்டோவில் ஹோன்ஜோ குழுவினர் இந்நொதியைக் கண்டறிந்தனர்.

3. தேர்வு

இம்மாற்றங்கள் குறிக்கோள் இன்றி நேர்வன. பல பிணைப்பைக் கெடுக்கும், சிலவே மேம்படுத்தும். அவற்றைப் பிரித்தறியும் களம் ஒளிப்பகுதி ஆகும். அங்குள்ள அயற்பொருளை மிகுதியாகக் கைப்பற்றும் பி உயிரணுவே உதவி டி உயிரணுக்களின் துணையைப் பெறும், அத்துணையோ அளவிற்பட்டது. துணை பெற்றவை பிழைத்து, மீண்டும் இருட்பகுதிக்குச் சென்று பெருகுகின்றன, பெறாதவை மடிகின்றன. அயற்பொருள் குறையக் குறையப் போட்டி கடுமையாகும். முயல்களில் கண்ட முடிவின் விளக்கம் இதுவே. எதிர்ப்பொருளின் வலிமை முன்னரே வகுக்கப்பட்டதன்று. பிழையும் தேர்வும் மாறிமாறி நிகழ்வதால் விளைவது.

4. பயனும் இடரும்

தடுப்பூசியின் தவணைகளுக்கு இடையே கால இடைவெளி விடுவதற்கு இந்நிகழ்வு ஒரு காரணமாகும். முதிர்ச்சிக்கு வாரங்கள் வேண்டும். அதற்குள் தேர்வு பெற்ற நினைவு உயிரணுக்கள் உருவாகின்றன. அடுத்த தவணை அவற்றையே தூண்டி, வலிய எதிர்ப்பொருளை விரைவில் பெருக்குகிறது. ஏஐடி நொதி செயற்படாமல் பிறந்தோர் அடிக்கடி பாக்டீரியாத் தொற்றுக்கு ஆளாகின்றனர். அந்நொதியே இலக்குத் தவறிப் பிற மரபணுக்களை மாற்றின், நிணநீர்ப் புற்றுநோய் தோன்றவும் கூடும். நோய்காக்கும் ஆற்றலும் நோய்விளைக்கும் இடரும் ஒரே செயலின் இரு விளைவுகள் என்பது இதனால் பெறப்படும்.