வாய்தாவுக்குப் போகாததால் வழக்கு தள்ளுபடியா?

வக்ஃபு நிலமோ வாரிசுச் சொத்தோ, வழக்கைப் போட்டுவிட்டு 'வக்கீல் பார்த்துக்கொள்வார்' என்று நம்மில் பலர் இருந்துவிடுகிறோம். வாய்தா அன்று வாதியும் வராமல் அவருடைய வக்கீலும் ஆஜராகாவிட்டால், ஆவணங்கள் எவ்வளவு வலுவாக இருந்தாலும் நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்யலாம்.

இது நமக்கு உரிமை இல்லை என்ற தீர்ப்பு அல்ல. ஆனால் எதிர்தரப்பு அன்று வந்திருந்ததா என்று முதலில் பார்க்க வேண்டும். இரு தரப்புமே வராதிருந்தால், காலவரம்பு முடியாதவரை புதிதாகவும் வழக்குத் தொடரலாம். எதிர்தரப்பு மட்டும் வந்திருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 9-ன்படி அதே காரணத்துக்குப் புது வழக்குப் போட முடியாது. பழைய வழக்கையே திரும்பக் கோப்பில் எடுக்கச் சொல்லி மனுப் போட வேண்டும். அதற்குத் தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள்தான். வராததற்குத் தக்க காரணமும் காட்ட வேண்டும். நோய் என்றால் மருத்துவச் சான்று, உம்ரா என்றால் பயணச்சீட்டு. 30 நாள் கடந்துவிட்டால், தாமதத்தை மன்னிக்கக் கோரி இன்னொரு மனுவும் தேவை.

வக்கீல் வராததற்குக் கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று 1981-ல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. அதற்காக மாதக்கணக்கில் விசாரிக்காமல் இருந்தவரையெல்லாம் அந்தத் தீர்ப்பு காப்பாற்றிவிடாது. வழக்கின் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணை வாங்கி வைத்தால், அடுத்த வாய்தாவை இ-கோர்ட்ஸ் செயலியில் நாமே பார்த்துக்கொள்ளலாம்.