மாவோடு அரைத்த வெந்தயம்: ராக் இசை நாடகம் எப்படி இயங்குகிறது?

வெந்தயத்தை இரண்டு விதமாகச் சேர்க்கலாம். எண்ணெயில் தாளித்துச் சாம்பாரில் கொட்டினால் மணம் கூடும். சாம்பார் சாம்பாராகவே இருக்கும். அரிசி உளுந்தோடு ஊறவைத்து அரைத்தால் மாவே மாறிவிடும். தோசை மெத்தென்று வரும், பொன்னிறமாகச் சிவக்கும். மாவு பொங்குவதற்குப் பெரிய பாத்திரமும் வேண்டியிருக்கும். ராக் இசை பிராட்வே, லண்டன் மேடைகளுக்குள் போனதும் இந்த இரண்டு வழிகளில்தான்.

முதலில் நடந்தது தாளிப்பு. 1960இல் பிராட்வேக்கு வந்த ‘பை பை பேர்டி’யில் எல்விஸ் பிரெஸ்லியை நினைவூட்டும் பாடகன் ஒருவன் ராணுவத்துக்குக் கிளம்புகிறான். அவன் பாடும்போது ராக் அண்ட் ரோல் வரும். மற்றபடி பெரும்பாலும் வழக்கமான பிராட்வே மெட்டுகள்தான். 1968இல் அதே பிராட்வேயில் ‘ஹேர்’ வந்தது. வியட்நாம் போருக்கு ஆளெடுப்பதை எதிர்க்கும் இளைஞர்களின் கதை. அவர்கள் பேசுவதும் கோபப்படுவதும் காதலிப்பதும் கால்ட் மெக்டெர்மாட்டின் தாளத்துக்குள்தான். இசைக்குழுவே மேடையில் உட்கார்ந்திருந்தது. 1,750 காட்சிகள் ஓடியது. அரைத்துக் கலக்கும் வேலை அங்கே தொடங்கியது.

கலந்ததும் ஒரு பெரிய சிக்கல் வந்தது. பழைய இசை நாடகத்தில் பாட்டு கதையைச் சுமந்து போகும். தயங்கிக்கொண்டே பாட ஆரம்பிப்பவள், பாடி முடிப்பதற்குள் ஒரு முடிவுக்கு வந்திருப்பாள். ராக் பாட்டின் இயல்பு வேறு. அது ஓர் உணர்ச்சியில் காலூன்றி நின்று, பல்லவியைத் திரும்பத் திரும்பச் சொல்லிச் சூடேற்றும். கதை நகர வேண்டும், பாட்டோ நின்ற இடத்திலேயே சுழல வேண்டும். அளவு தவறினால் வெந்தயம் கசப்பது இங்கேதான்.

இதற்கு நான் அறிந்தவற்றில் மிகச் சிறந்த விடை ‘ஜீசஸ் கிரைஸ்ட் சூப்பர்ஸ்டா’ரில் இருக்கிறது. இயேசுவின் கடைசி நாட்களைப் பற்றி ஆண்ட்ரூ லாய்ட் வெப்பரும் டிம் ரைஸும் உருவாக்கியது. (ரகுமானின் ‘பாம்பே டிரீம்ஸ்’ நாடகத்தை 2002இல் லண்டனில் தயாரித்தவர் இதே வெப்பர்தான்.) மேடையேற்ற முதலில் ஆள் கிடைக்காததால் 1970இல் இசைத்தட்டாக வெளியிட்டார்கள். அதில் இயேசுவாகப் பாடியவர் டீப் பர்ப்பிள் குழுவின் இயன் கில்லன். அடுத்த ஆண்டே பிராட்வேக்குப் போனது.

அதில் சவுக்கடிக் காட்சியைக் கவனியுங்கள். தொடக்கத்தில் சீடன் யூதாஸ், இது விபரீதத்தில் முடியுமோ என்ற தன் அச்சத்தைப் பாடியபோது வந்த அதே கிட்டார் சுழற்சி மறுபடி ஒலிக்கிறது. அதன்மேல் ரோம ஆளுநன் பிலாத்து ஒன்று, இரண்டு என்று முப்பத்தொன்பது வரை எண்ணுகிறான். மெட்டு நகரவே இல்லை. எண் மட்டும் ஏறுகிறது. எப்போது முடியும் என்று நம் மனம் பதறுகிறது. கதைக்குத் தடையாக இருந்த அதே திரும்பல் இங்கே கதையாகவே ஆகிவிட்டது. யூதாஸ் எதற்கு அஞ்சினானோ அது நடந்துகொண்டிருக்கிறது என்பதையும் யாரும் வாய்விட்டுச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

ஜொனாதன் லார்சன் 1996இல் ‘ரென்ட்’டுக்கு வேறு வழி கண்டுபிடித்தார். நியூயார்க்கின் ஏழைக் கலைஞர்கள், எய்ட்ஸ் காலம். தொலைபேசிப் பதிவுக் கருவியில் பெற்றோர் விட்டுவைக்கும் செய்திகளையும் பாட்டாக்கி இடையிடையே வைத்தார். யார் யாரைத் தேடுகிறார்கள் என்ற தகவலில் கொஞ்சத்தை அவை சுமந்துகொள்ள, பெரிய பாடல்கள் தம் உணர்ச்சியிலேயே நின்று முழங்க முடிந்தது. முதல் முன்னோட்டக் காட்சி நடக்கவிருந்த நாளின் அதிகாலையில் அவர் இறந்துபோனார், 35 வயதில். அதை நினைக்காமல் என்னால் அந்தப் பாடல்களைக் கேட்க முடிந்ததில்லை.

இனி பாத்திரம், அதாவது அரங்கின் ஒலியமைப்பு. மைக்கை நம்பாமல் கடைசி வரிசை வரை குரலை எட்டச் செய்வதே பழைய பயிற்சி. டிரம்ஸும் மின்கிட்டாரும் வந்த பிறகு அது நடக்காது. சொல் கேட்காவிட்டால் நாடகமே இல்லை. ராக் கச்சேரிகளுக்கு ஒலியமைத்துப் பழகிய ஏப் ஜேக்கப் ‘சூப்பர்ஸ்டா’ரின் பிராட்வே ஒலியைக் கவனித்தார், அரங்க ஒலியமைப்பு தனித் தொழிலாக வளர்ந்ததில் அவருக்குப் பெரும் பங்குண்டு.

2006இல் பிராட்வேக்கு வந்த ‘ஸ்பிரிங் அவேக்கனிங்’ அந்த மைக்கையே நடிப்பாக்கியது. 19ஆம் நூற்றாண்டு ஜெர்மன் பள்ளிப் பிள்ளைகள் ஆசிரியர் முன் அடங்கி நிற்கிறார்கள். பாட்டு வந்ததும் கோட்டுக்குள்ளிருந்து கைமைக்கை எடுக்கிறார்கள். வாயால் சொல்ல முடியாதது மட்டும் ராக், வெளிப்பேச்சு வசனம். பாட்டு கதையை நகர்த்த வேண்டுமென்ற கட்டாயமே இங்கே இல்லை.

எல்லா இடத்திலும் வெந்தயம் வேண்டியதில்லை என்பதும் அறிந்தவர்களுக்குத் தெரியும். ‘சூப்பர்ஸ்டா’ரில் ஏரோது இயேசுவைக் கேலி செய்யும் பாட்டுக்கு வெப்பர் ராக்கை ஒதுக்கிவிட்டுப் பழைய கேளிக்கை மேடைகளின் ராக்டைம் துள்ளலை எடுத்துக்கொண்டார். கேலிக்கு ஒவ்வொரு சொல்லும் துல்லியமாகக் காதில் விழ வேண்டும். அந்தச் சிரிப்பு முடிந்ததும் அடுத்து வரும் ராக் முன்னைவிடக் கொடூரமாகக் கேட்கிறது.