உங்களுக்குத் தெரியுமா? முத்துக்கரை அரச குடும்பங்கள்

● மாமனாருக்கு ஆண்டுச் சீர்: இலங்கையின் முதல் மன்னனாகச் சொல்லப்படும் விஜயன், மதுரைப் பாண்டியன் மகளை மணந்ததாக மகாவம்சம் கூறுகிறது. அவளுக்காக, இரண்டு குழந்தைகளைப் பெற்றுத்தந்த குவேனியை விலக்கிவைத்தான். கொற்கை முத்துக்குப் பேர்போன பாண்டியனுக்கே, ஆண்டுதோறும் இரண்டு லட்சம் பெறுமானமுள்ள சங்கு முத்து அனுப்பினானாம் இந்த மருமகன்!

● வழக்கை முடித்த பரல்: சிலப்பதிகாரத்தில் பாண்டிய அரசி கோப்பெருந்தேவியின் சிலம்புக்குள் பரலாக இருந்தவை முத்துகள், கண்ணகியின் சிலம்பிலோ மாணிக்கம். அரசியின் சிலம்பைத் திருடியதாகக் கொல்லப்பட்ட கணவனுக்காக நீதி கேட்டுக் கண்ணகி தன் சிலம்பை உடைத்ததும் மாணிக்கம் தெறிக்க, பாண்டிய மன்னன் நெடுஞ்செழியன் அரியணையிலேயே உயிர்விட்டான். அரசியும் உடன் மாண்டாள். பிறகு கண்ணகிக்கு விழா எடுத்தவன், கொற்கையிலிருந்து ஆண்ட வெற்றிவேற்செழியன். அன்று துறைமுகமாக இருந்த கொற்கை இன்று கடலைவிட்டுச் சில கிலோமீட்டர் உள்ளே தள்ளி நிற்கும் சிற்றூர்.

● தாய் பிடித்த கத்தி: 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோ போலோ, தூத்துக்குடிக்குத் தெற்கே தாமிரபரணி முகத்துவாரத்தில் இருந்த காயல் துறைமுகத்தை விவரிக்கிறார். அதன் அரசனுக்கு 300 மனைவியர் என்கிறார். அவனையும் சேர்த்து ஐந்து சகோதரர்களும் அரசர்கள். அவர்கள் தமக்குள் போருக்குக் கிளம்பினால், தாய் கத்தியோடு நடுவே வந்து, “உங்களுக்குப் பாலூட்டிய மார்பை அறுத்துக்கொள்வேன்” என்று மிரட்டித் தடுப்பாராம். தாயின் காலத்துக்குப் பின் அண்ணன் தம்பிகள் மோதி அழிவார்கள் என்றும் போலோ எழுதினார். சில ஆண்டுகளிலேயே பாண்டிய சகோதரர்களான சுந்தரபாண்டியனும் வீரபாண்டியனும் அரியணைக்காக மோதினர். 1311-இல் டெல்லி சுல்தானின் தளபதி மாலிக் கபூரின் படை மதுரைக்குள் புகுந்தது.